மன்னார் வளைகுடாத் தீவுகள்: நீங்கள் கேட்டதும் என் பதிலும்

கேள்வி: அண்ணே, குடும்பத்தோடு ராமேஸ்வரம் வருகிறோம். அந்த 21 தீவுகளுக்கும் போக முடியுமா? (மதுரை)

முடியாது தம்பி. 1986இல் கடல்சார் தேசியப் பூங்காவாக அறிவித்த இடம். பாலம் கிடையாது, படகுதான். அதுவும் வனத்துறை அனுமதியோடு. பொதுமக்களுக்கு அவர்கள் படகு விடுவது குருசடைத் தீவுக்கு. பாம்பன் பக்கம் குந்துகாலில் ஏற வேண்டும். கிளம்பும் முன் விசாரித்துக்கொள்ளுங்கள், கடல் சரியில்லை என்றால் விடமாட்டார்கள். வேறு யாராவது காசு வாங்கிக்கொண்டு தீவில் இறக்கி விடுகிறேன் என்றால் ஏறாதீர்கள்.

கேள்வி: எந்த மாதம் வரலாம்?

ஜனவரி முதல் மார்ச் வரை, காலை நேரம். ராமேஸ்வரத்தில் இந்த மன்னார் வளைகுடாப் பக்கத்தை ஆண் கடல் என்போம், பாக் நீரிணைப் பக்கம் பெண் கடல். கச்சான் என்கிற தென்மேற்குக் காற்று அடிக்கும் ஜூன், ஜூலையில் ஆண் கடலில் சின்னப் படகு தாங்காது.

கேள்வி: இரண்டு தீவுகள் மூழ்கிவிட்டனவாமே, கடல் மட்டம் உயர்ந்ததாலா? (திருச்சி)

பூவரசன்பட்டியும் விலாங்குச்சல்லியும். கடல் மட்டத்தின் மீது மட்டும் பழி போட எனக்கு மனசு வரவில்லை. சுண்ணாம்புக்கும் கட்டடத்துக்கும் பல வருடம் பவளப்பாறையை உடைத்து வல்லம் என்கிற நாட்டுப்படகு நிறைய நிறைய அள்ளினார்கள். இந்தத் தீவுகளே பவளச் சல்லியும் மணலும் ஒதுங்கிச் சேர்ந்த மேடுகள்தான். பெயர்களைப் பாருங்கள்: காரைச்சல்லி, புழுவினிச்சல்லி, விலாங்குச்சல்லி. குருசடைக் கரையில் ஒரு கை மணல் அள்ளினால் விரல் கனத்தில் வெள்ளைக் குச்சிகள் வரும். உரசினால் ஓட்டாஞ்சில்லு மாதிரி கிணுகிணுக்கும். அத்தனையும் செத்த பவளத்தின் கிளைகள். சுற்றியிருக்கும் பாறைதான் அலையின் வேகத்தை உடைக்கிறது. அது போய்விட்டால் அலை நேரே வந்து மேட்டைக் கரைத்துவிடும்.

2001இல் பவளத்தை வனவிலங்குச் சட்டத்தில் அதிகப் பாதுகாப்பு தரும் முதல் பட்டியலில் சேர்த்தார்கள். உடைப்பது ஓய 2005 ஆகிவிட்டது. அதற்குள் தூத்துக்குடிக்கு எதிரே வான்தீவு தேய்ந்து துண்டாகிவிட்டது. 2015இலிருந்து அதன் முன்னால் ஓட்டை வைத்த கான்கிரீட் கட்டிகளை வரிசையாக இறக்கினார்கள். இப்போது அலை தணிந்திருக்கிறது, கட்டிகளில் மீன் அடைகிறது, பவளமும் ஒட்டி வளர்கிறது. இருக்கிற பாறையைக் காப்பாற்றியிருந்தால் இந்தச் செலவே வந்திருக்காது.

கேள்வி: பவளம் வெளுத்தால் செத்துவிட்டது என்று அர்த்தமா?

உடனே இல்லை. தண்ணீர் சூடேறும்போது உள்ளே குடியிருக்கும் நுண்பாசியைப் பவளம் வெளியே தள்ளிவிடுகிறது. நிறமும் சாப்பாடும் அதோடு போகிறது. சீக்கிரம் குளிர்ந்தால் தேறும். 2010, 2016 கோடைகளில் நிறையப் பவளம் தேறவில்லை.

கேள்வி: கரையில் கிடக்கும் பவளத் துண்டை எடுத்து வரலாமா?

கூடாது. செத்ததாக இருந்தாலும் குற்றம்தான்.

கேள்வி: ஆவுளியா தென்படுமா?

அதை நம்பி வராதீர்கள். கடற்புல் மேயும் கடற்பசு அது, மிகவும் குறைந்துவிட்டது. வலையில் சிக்கினால் அறுத்து விட்டுவிடும் மீனவர்கள் இருக்கிறார்கள். வலை போனால் அவர்களுக்கு எத்தனை நாள் பிழைப்பு போகும் என்று யோசியுங்கள்.

கேள்வி: கடற்பாசி எடுக்கும் பெண்களால் பூங்கா கெடுகிறது என்கிறார்களே?

இதில் நான் அவர்கள் பக்கம். பூங்கா வருவதற்கு முன்பிருந்தே மூச்சுப் பிடித்து மூழ்கிப் பாசி எடுப்பவர்கள். பாறை கீறாமலிருக்க விரல் விரலாகத் துணி சுற்றியிருப்பார்கள். அப்படியும் கையெல்லாம் தழும்பு. மாதத்தில் 12 நாள் மட்டும் எடுப்பது, மீன்பிடித் தடைக்காலத்தில் கொஞ்ச நாள் தொடாமல் விடுவது என்று அவர்களே கூடிப் பேசி வைத்திருக்கிறார்கள். பூங்கா எல்லையை வரைந்தபோது இவர்களைக் கூப்பிட்டு உட்கார வைத்துப் பேசியிருக்க வேண்டும். இப்போதும் பேசலாம்.