மைக் போட்டால் பதில் வரும்!

(காவல்துறை வயர்லெஸ் பிரிவில் 33 வருடம் வேலை பார்த்துவிட்டு, கடலூர் முதுநகரில் ஓய்வில் இருப்பவர் இந்த வாரம் வாசகர் கேள்விகளுக்குப் பதில் சொல்கிறார்.)

நாட்டுப் பாதுகாப்புக்குத் திட்டம் போடுவது யார் சார்? சினிமாவில் வருவது போல பெரிய மேஜை, சுவர் நிறைய திரை எல்லாம் இருக்குமா?
– கல்லூரி மாணவர், விருத்தாசலம்

மேஜை இருக்கும் தம்பி. அதன் மேல் கோப்புகள்தான் அதிகம் இருக்கும்.

முடிவெடுப்பது பாதுகாப்புக்கான அமைச்சரவைக் குழு. பிரதமர், பாதுகாப்பு, உள்துறை, வெளியுறவு, நிதி அமைச்சர்கள் அதில் உண்டு. நிதியமைச்சருக்கு அங்கே என்ன வேலை என்று கேட்காதே. காசு ஒதுக்காவிட்டால் வயர்லெஸ் செட்டுக்கு ஒரு பேட்டரி வராது, அனுபவித்தவன் சொல்கிறேன். யோசனை சொல்வதற்கு தேசியப் பாதுகாப்பு கவுன்சில் இருக்கிறது. பொக்ரானில் அணுகுண்டு வெடித்த 1998-ம் வருடத்தின் கடைசியில் அமைத்தது.

சைபர் விஷயத்தில்தான் ரொம்ப நாள் இழுபறி. எல்லாத் துறையும் ஒரு கை வைத்திருந்தது. 2024 செப்டம்பரில்தான் பிரித்து எழுதினார்கள். தொலைத்தொடர்புப் பாதுகாப்பு அந்தத் துறைக்கு, சைபர் குற்றம் உள்துறைக்கு, பொதுவான சைபர் பாதுகாப்பு மின்னணு அமைச்சகத்துக்கு, எல்லாவற்றையும் ஒருங்கிணைப்பது தேசியப் பாதுகாப்பு கவுன்சில் செயலகத்துக்கு. தேரை எத்தனை பேர் வேண்டுமானாலும் இழுக்கலாம். முட்டுக்கட்டை யார் கையில் என்பது முன்கூட்டியே தெரிய வேண்டாமா?

என் வீட்டுக்காரர் அனல்மின் நிலையத்தில் வேலை செய்கிறார். கம்ப்யூட்டர் வழியாகவே ஒரு ஊரை இருட்டாக்கிவிட முடியும் என்கிறார். நிஜமா, பயமுறுத்துகிறாரா?
– வாசகி, நெய்வேலி

நிஜம்தான் அம்மா. 2015 டிசம்பர் 23 அன்று உக்ரைனில் நடந்தது. மின் விநியோகக் கம்பெனியின் கட்டுப்பாட்டு அறையில் ஊழியர்கள் பார்த்துக்கொண்டிருக்கும்போதே திரையில் மவுஸ் அம்பு தானாக நகர்ந்து, மின்சாரத்தைத் துண்டிக்கும் பிரேக்கர் சுவிட்சுகளை ஒவ்வொன்றாக அணைத்துக்கொண்டே போயிருக்கிறது. சுமார் 2,25,000 இணைப்புகளுக்குக் கரண்ட் போனது. திருடன் அன்றைக்கு உள்ளே வந்தவன் இல்லை. பல மாதம் முன்பே ஒரு இமெயில் இணைப்பு வழியாக நுழைந்து, ஊமையாக உட்கார்ந்திருந்தான்.

எனக்குப் பிடித்த பகுதி அதற்கு அப்புறம் வருகிறது. சில மணி நேரத்தில் கரண்ட் திரும்ப வந்துவிட்டது. கம்ப்யூட்டரைச் சரிசெய்தா? இல்லை. ஆட்கள் வண்டி எடுத்துக்கொண்டு ஒவ்வொரு சப்-ஸ்டேஷனாகப் போய், கையால் சுவிட்சைப் போட்டார்கள். கையால் போடுகிற பழைய ஏற்பாட்டை அவர்கள் கழற்றி எறியாமல் வைத்திருந்தது உதவியது.

நம் ஊரிலும் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தில் 70, 70-ஏ என்று பிரிவுகள் உண்டு. மின்சாரம், வங்கி, தொலைத்தொடர்பு, போக்குவரத்து மாதிரியானவற்றின் முக்கியக் கணினிகளைக் காப்பதற்கென்றே 2014-ல் ஒரு தேசிய மையம் தொடங்கினார்கள். 'பாதுகாக்கப்பட்ட அமைப்பு' என்று அரசு அறிவித்த கணினிக்குள் அனுமதியில்லாமல் நுழைந்தால் 10 வருடம் வரை சிறை. ஆனாலும் 2019-ல் கூடங்குளத்தில் ஒரு நிர்வாகக் கம்ப்யூட்டரில் வைரஸ் புகுந்தது. அக்டோபர் 29 அன்று 'அப்படி எதுவும் இல்லை' என்றார்கள், மறுநாள் அணுமின் கழகம் 'ஆமாம்' என்றது. அணு உலையை இயக்கும் கணினிகள் வெளி இணைப்பு இல்லாமல் தனியே இருந்ததால் அதற்கு ஆபத்தில்லை. அந்த முதல் நாள் மறுப்பு தேவையா என்பது என் கேள்வி.

வெளி இணைப்பு இல்லை என்பதும் முழுக் காவல் அல்ல. 2010-ல் வெளியே தெரிந்த ஸ்டக்ஸ்நெட் என்ற கம்ப்யூட்டர் வைரஸ், ஈரானின் அணு நிலையத்துக்குள் பென் டிரைவில் ஏறிப் போனதாகத்தான் சொல்கிறார்கள். வீட்டுக்காரரிடம் சொல்லுங்கள்: பேத்தியின் போட்டோ இருக்கிற பென் டிரைவை ஆபீஸ் கம்ப்யூட்டரில் செருக வேண்டாம்.

வருடா வருடம் போலீசே தீவிரவாதி வேஷம் கட்டிப் படகில் வருகிறீர்கள். எங்கள் பிழைப்பைக் கெடுத்து இந்த விளையாட்டு தேவையா?
– மீனவர், தேவனாம்பட்டினம்

கோபம் நியாயம்தான் அண்ணே. 2008 நவம்பரில் 10 பேர் குபேர் என்ற மீன்பிடிப் படகைப் பிடித்துக்கொண்டு மும்பைக்கு வந்தார்கள். படகைப் பார்த்தால் யாருக்குச் சந்தேகம் வரும்? அதன் பிறகு வந்ததுதான் 'சாகர் கவச்' என்கிற இந்தக் கடலோரப் பாதுகாப்பு ஒத்திகை. உங்களுக்கு அடையாள அட்டை கொடுத்ததும், படகுக்குப் பதிவு எண் கட்டாயமானதும், சந்தேகம் வந்தால் கடலோரப் போலீசின் 1093 என்ற எண்ணுக்குக் கூப்பிடச் சொன்னதும் இதே வரிசையில்தான்.

விளையாட்டு என்றீர்களே, ஒரு தடவை நிஜமாகவே சிரிப்பாகத்தான் ஆனது. வெளி மாவட்டத்திலிருந்து வந்த நம் ஆட்கள் கைலி கட்டி, 'வெடிகுண்டு' என்று எழுதிய அட்டைப்பெட்டியைச் சாக்கில் சுற்றிக் கரை இறங்கினார்கள். மூன்று செக்போஸ்ட் தாண்டியாயிற்று. மீன் விற்கிற ஒரு ஆயா மடக்கிவிட்டார். "கடலுக்குப் போறவன் கால்ல இவ்ளோ புது செருப்பா?" மைக்கில் இந்தச் செய்தியை மேலே சொன்னவன் நான். சொல்லி முடிக்கிறவரை சிரிப்பை அடக்கப் பட்ட பாடு!

இன்னொரு ஒத்திகையில் சிரிப்பு வரவில்லை. ஒரு அலுவலகத்தின் அவசரத் திட்டக் கோப்பைத் திறந்தோம். அழகாக பைண்டு செய்தது. அதில் முதலில் அழைக்க வேண்டிய அதிகாரி ஓய்வு பெற்று இரண்டு வருடம். போனை எடுத்தவர், "நான் இப்போ குலதெய்வக் கோயில்ல இருக்கேனே" என்றார். ஒத்திகை பார்க்காத திட்டத்தின் லட்சணம் இது. சைபர் ஆட்களும் இதேபோல போலித் தாக்குதல் நடத்திப் பார்க்கிறார்கள், அங்கே வேஷம் மட்டும் இல்லை.

சைபர் தாக்குதல் பற்றி தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் கேட்டால் பதில் தருவார்களா?
– வாசகர், பண்ருட்டி

சைபர் அவசரங்களைக் கவனிக்கிற செர்ட்-இன் அமைப்புக்கு 2023 நவம்பரில் விலக்கு கொடுத்துவிட்டார்கள். ஊழல், மனித உரிமை மீறல் புகார் என்றால் மட்டும் கேட்கலாம். இத்தனைக்கும் ஒரு தாக்குதல் நடந்தால் 6 மணி நேரத்துக்குள் தனக்குச் சொல்ல வேண்டும் என்று 2022-ல் கம்பெனிகளுக்கு உத்தரவு போட்டது அதே அமைப்பு. அதற்குச் சொல்ல வேண்டும், அது நமக்குச் சொல்லாது. ரகசியம் சிலதுக்குத் தேவைதான், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நம் தகவல் திருடு போனதா என்பதாவது நமக்குத் தெரிய வேண்டும்.

போலீஸ் என்று சொல்லிக்கொண்டு, 'டிஜிட்டல் அரெஸ்ட்' என்று வீடியோ காலில் மிரட்டுகிறார்கள். என்ன செய்ய?
– ஓய்வு பெற்ற ஆசிரியை, லாஸ்பேட்டை

கட் பண்ணுங்கள் டீச்சர். அப்படி ஒரு கைது சட்டத்தில் கிடையாது. பணம் போய்விட்டால் உடனே சைபர் குற்ற உதவி எண் 1930-க்குக் கூப்பிடுங்கள். விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள்.

எங்கள் ஊர்ப் பெயருக்கும் நீங்கள் எழுதுகிற பாதுகாப்பு விஷயத்துக்கும் ஏதாவது சம்பந்தம் உண்டா?
– வாசகர், குண்டு உப்பலவாடி

நல்லா கேட்டீங்க! 1690-ல் தேவனாம்பட்டினம் கோட்டையை மராட்டியரிடமிருந்து ஆங்கிலேயர் வாங்கியபோது, கோட்டையிலிருந்து பீரங்கி சுட்டு, குண்டு விழுந்த தூரம் வரை நிலம் தங்களுக்கு என்று பேரம். அந்த வட்டத்துக்குள் அகப்பட்டவை குண்டு கிராமங்கள்.

1746-ல் சென்னைக் கோட்டையை பிரெஞ்சுக்காரர் பிடித்ததும், ஆங்கிலேயர் தலைமையிடத்தைக் கடலூருக்கு மாற்றினார்கள். 1752 வரை இங்கிருந்துதான் நிர்வாகம். ஒன்று போனால் கைகொடுக்கிற மாற்று ஏற்பாட்டை இன்றைக்குக் கம்ப்யூட்டர்காரர்கள் பேக்கப் என்கிறார்களே, அது எங்கள் கெடிலம் கரையில் ஆறு வருடம் ஓடியிருக்கிறது. 2022 நவம்பரில் டெல்லி எய்ம்ஸ் ஆஸ்பத்திரியின் சர்வர்களை, கம்ப்யூட்டரைப் பூட்டிவிட்டுப் பணம் கேட்கிற ரான்சம்வேர் முடக்கியபோது, நாள் கணக்கில் எல்லாவற்றையும் கையால் எழுதினார்கள். அப்போது இந்தக் கோட்டைதான் எனக்கு ஞாபகம் வந்தது.

2011 தானே புயலில் கடலூரில் கரண்ட் இல்லை, செல்போன் டவர்கள் செத்துவிட்டன. கன்ட்ரோல் ரூமில் பழைய செட்டை லாரி பேட்டரியில் மாட்டி ஓட்டினோம். அதைக் கழித்துக்கட்ட அதற்கு முந்தைய வருடமே ஆர்டர் வந்திருந்தது. நான்தான் இன்றைக்கு, நாளைக்கு என்று தள்ளிப்போட்டிருந்தேன்.

கோட்டையை 1758-ல் பிரெஞ்சுக்காரர் பிடித்து இடித்துவிட்டார்கள். மிச்சம் கொஞ்சம் சுவர். ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வாருங்கள், காட்டுகிறேன். ஓவர்.