ஆட்டம் முடியும் முன்பே வானொலி ஏன் மங்கிவிடுகிறது?

கேள்வி: இல்லினாய் மாநிலம் மொலீனில் வசிக்கிறோம். மகள் ஐயோவா பல்கலைக்கழகத்தில் படிக்கிறாள். அவளுடைய கல்லூரியின் அமெரிக்கக் கால்பந்து ஆட்டங்களைச் சனிக்கிழமைகளில் சமையலறையில் உள்ள சிறிய ஏ.எம். வானொலியில் கேட்பது எங்கள் வழக்கம். செப்டம்பரில் தெளிவாகக் கேட்ட நிலையம் நவம்பரில் ஆட்டத்தின் நடுவிலேயே கரகரத்து மறைந்துவிடுகிறது. அதே நிலையத்தைக் கைபேசியில் திறந்தால் ஆட்டத்துக்குப் பதிலாக வேறு பேச்சு நிகழ்ச்சி வருகிறது. பருவம் முழுவதற்கும் 60 டாலர் கட்டினால் எல்லா ஆட்டங்களையும் கேட்கலாம் என்று ஓர் இணையதளம் சொல்கிறது. கட்டலாமா, அல்லது புதிய வானொலி வாங்க வேண்டுமா?

பதில்: பணம் கட்டாதீர்கள், வானொலியையும் மாற்ற வேண்டாம். உங்கள் வானொலியில் பழுது எதுவும் இல்லை. நீங்கள் கேட்கும் நிலையம் பொழுது சாய்ந்ததும் தன் ஒலிபரப்புத் திறனைச் சட்டப்படி குறைத்துக்கொள்கிறது.

பகலில் ஏ.எம். அலைகள் தரையை ஒட்டியே பரவுகின்றன. மேல்நோக்கிச் செல்பவற்றை வானத்தில் உள்ள அயனி மண்டலத்தின் கீழடுக்கு உறிஞ்சிவிடுகிறது. சூரியன் மறைந்ததும் அந்தக் கீழடுக்கு கலைந்துவிடும். அப்போது அலைகள் அதற்கும் மேலே உள்ள அடுக்கில் பட்டுத் திரும்பி, நூற்றுக்கணக்கான மைல்களுக்கு அப்பால் இறங்கும். ஒரே அலைவரிசையை நாடெங்கும் பல நிலையங்கள் பகிர்ந்துகொள்வதால், எல்லாரும் பகல் திறனிலேயே இரவிலும் ஒலிபரப்பினால் ஒருவர் குரலும் ஒருவருக்கும் கேட்காது. ஆகவே எஃப்.சி.சி. என்னும் கூட்டாட்சித் தகவல்தொடர்பு ஆணையம், பெரும்பாலான ஏ.எம். நிலையங்கள் மாலையில் திறனைக் குறைக்க வேண்டும், அல்லது அலை செல்லும் திசையை மாற்ற வேண்டும், சில நிலையங்கள் அறவே நிறுத்திவிட வேண்டும் என்று விதித்திருக்கிறது. மாற்ற வேண்டிய நேரம் மாதத்துக்கு ஒன்றாக, கால்மணிக் கணக்கில், உரிமத்திலேயே எழுதப்பட்டிருக்கும்.

செப்டம்பரில் இதை நீங்கள் உணராததற்குக் காரணம், பிற்பகல் 2:30 மணிக்குத் தொடங்கும் ஆட்டம் ஏறத்தாழ மூன்றரை மணி நேரம் நடந்து, வெளிச்சம் இருக்கும்போதே முடிந்துவிடுவதுதான். நவம்பர் முதல் ஞாயிற்றுக்கிழமை கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னுக்கு வைத்த பிறகு, உங்கள் ஊரில் ஐந்து மணிக்கு முன்பே சூரியன் மறைந்துவிடுகிறது. ஆட்டமோ அப்போது மூன்றாம் கால்பகுதியில் இருக்கும். நான் பல ஆண்டுகள் ஒலிபரப்புக் கருவி அறையில் மாலைப் பணி பார்த்தவன். ஒருமுறை இரு அணிகளும் சமநிலையில் நின்ற ஆட்டத்தின் கடைசி நிமிடங்களில் உரிமத்தில் எழுதிய நேரம் வந்துவிட்டது. திறனைக் குறைக்கும் பொத்தானை அழுத்தினேன். அடுத்த நிமிடமே தொலைபேசி ஓயாமல் அடிக்கத் தொடங்கியது. சுற்றுவட்டக் கிராமங்களிலிருந்து அழைத்த அத்தனை பேரும் தங்கள் வானொலி கெட்டுவிட்டதாகவே நினைத்திருந்தார்கள். அவர்களுக்கு இந்த விதியை யாரும் ஒருநாளும் சொன்னதில்லை. உங்களுக்கும் சொல்லவில்லை.

இந்த விதிக்கு ஒரு விலக்கு உண்டு. உங்களுக்கு வேண்டியது அந்த விலக்குத்தான் என்பதால் சற்று விரிவாகவே சொல்கிறேன். ஏ.எம். நிலையங்களில் ‘ஏ’ வகுப்பு என்று ஒரு சிறு கூட்டம் இருக்கிறது. தொலைதூர மக்களுக்கும் இரவில் ஒரு குரலாவது எட்ட வேண்டும் என்ற நோக்கத்தோடு வானொலியின் தொடக்ககாலத்தில் ஏற்படுத்தப்பட்ட ஏற்பாடு அது. இந்த நிலையங்கள் பகலிலும் இரவிலும் 50,000 வாட் வரை ஒலிபரப்பலாம். அதே அலைவரிசையில் உள்ள சிறிய நிலையங்கள்தாம் இவற்றுக்கு வழிவிட வேண்டும். ஐயோவா மாநிலத் தலைநகரான டெ மாயினில் 1040 கிலோஹெர்ட்ஸில் இயங்கும் டபிள்யூ.எச்.ஓ. அப்படிப்பட்ட ஒரு நிலையம். ஐயோவா அணியின் ஆட்டங்களை நெடுங்காலமாக ஒலிபரப்பி வருவதும் அதுவே. பிற்காலத்தில் அமெரிக்க அதிபரான ரொனால்ட் ரேகன், 1932இல் மிசிசிப்பி ஆற்றில் உங்கள் ஊருக்கு எதிர்க்கரையான டேவன்போர்ட்டில், அதன் சகோதர நிலையத்தில் ஐயோவா ஆட்டங்களை வர்ணித்துத்தான் வானொலி வாழ்க்கையைத் தொடங்கினார், பிறகு டபிள்யூ.எச்.ஓ.வுக்கு மாறினார்.

ஆகவே இனி வழக்கமான நிலையம் மங்கத் தொடங்கியதும் வானொலியை 1040க்குத் திருப்புங்கள். ஒன்றை முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும்: மொலீனுக்கும் டெ மாயினுக்கும் இடையே 160 மைலுக்கு மேல் தூரம். அத்தனை தூரத்தில் இரவு நேரத்தில் தரைவழி அலையும் வான்வழி அலையும் சேர்ந்தே வந்து ஒன்றையொன்று சில கணம் வலுப்படுத்தும், சில கணம் அழிக்கும். அதனால் குரல் ஏறி இறங்கிக் கேட்கும். அது குறையன்று, அரை நிமிடம் பொறுத்தால் திரும்பி வரும். அலை அடங்கியதே என்று முள்ளை அசைத்துவிடாதீர்கள்.

சிறிய ஏ.எம். வானொலியின் ஆண்டெனா, வெளியே நீட்டிக்கொண்டிருக்கும் கம்பி அன்று, அது எஃப்.எம்.முக்கானது. ஏ.எம். அலையைப் பிடிப்பது பெட்டிக்குள் படுத்திருக்கும் ஃபெரைட் என்னும் காந்தப் பொருளால் ஆன ஒரு கோல். ஆகவே கம்பியை இழுப்பதை விட்டுவிட்டு, பெட்டியையே மெதுவாகத் திருப்பிப் பாருங்கள். கால்வட்டம் திரும்புவதற்குள் வேறுபாடு தெரியும். சமையலறையிலிருந்து எடுத்து மேற்குப் பக்க ஜன்னலருகே வையுங்கள். எல்.இ.டி. விளக்கு, கைபேசி சார்ஜர், மைக்ரோவேவ் ஆகியவை அருகில் இருந்தால் இரைச்சல் அவற்றிலிருந்தே வருகிறது.

கைபேசியில் வேறு நிகழ்ச்சி வருவதற்குக் காரணம் பொறியியல் அன்று, வியாபாரம். பல்கலைக்கழகம் தன் வர்ணனை உரிமையை ஒரு விளம்பர நிறுவனத்திடம் விற்கிறது. அந்த நிறுவனம் வானில் ஒலிபரப்பும் உரிமையை நிலையங்களுக்குக் கொடுத்துவிட்டு, இணைய உரிமையைத் தன்னிடமே வைத்துக்கொள்வதுண்டு. அப்போது நிலையம் தன் இணைய ஒலியில் ஆட்டத்தை மறைத்து வேறொன்றை ஓட்ட வேண்டியதாகிறது. மக்கள் வரிப்பணமும் சேர்ந்து நடக்கும் ஒரு மாநிலப் பல்கலைக்கழகத்தின் ஆட்டத்தை எங்கே கேட்பது என்பதை அந்த மக்களே துப்புத்துலக்கிக் கண்டுபிடிக்க வேண்டியிருப்பது எனக்குச் சற்றும் ஏற்புடையதாக இல்லை. போதாக்குறைக்குத் தொலைக்காட்சியும் சேர்ந்துகொள்கிறது: ஆட்டம் எத்தனை மணிக்கு என்பதைப் பல வாரங்களில் ஒளிபரப்பு நிறுவனங்கள் 12 நாளுக்கு முன்போ, சில வேளைகளில் ஆறே நாளுக்கு முன்போதான் அறிவிக்கின்றன. 2024இல் பசிபிக் கரையின் நான்கு பல்கலைக்கழகங்கள் ஐயோவா அணி ஆடும் பிக் டென் கூட்டமைப்பில் சேர்ந்ததிலிருந்து பின்னிரவு ஆட்டங்களும் வந்துவிட்டன. வானொலியை மட்டும் நம்பியிருப்பவரை இவர்களில் யார் நினைத்துப் பார்க்கிறார்கள்?

இணையத்தில் முறையான வழி இலவசமானது. லேர்ஃபீல்ட் என்ற அந்த உரிம நிறுவனமே 2021இல் ‘வார்சிட்டி நெட்வொர்க்’ என்ற செயலியை வெளியிட்டது. அதில் ஐயோவாவின் வர்ணனை கட்டணமின்றிக் கிடைக்கும். பல்கலைக்கழக விளையாட்டுத் துறையின் சொந்த இணையதளத்தில் உள்ள இணைப்பின் வழியாகவே அதை நிறுவுங்கள். கைபேசியின் செயலிக் கடையில் பெயரைத் தேடிப் போகாதீர்கள். இணைய ஒலி வானொலியைவிட அரை நிமிடமோ அதற்கு மேலோ பின்தங்கியிருக்கும் என்பதை மட்டும் மனத்தில் வையுங்கள்.

இப்போது அந்த 60 டாலருக்கு வருகிறேன். இலவசமாக வானில் வரும் ஒன்றுக்குக் கட்டணம் கேட்பவர் இடைத்தரகரே. அவரிடம் உங்களுக்கு விற்பதற்கு எந்த உரிமையும் இல்லை. இவர்கள் பல உருவில் வருவார்கள். ஒருவர் இலவச ஒலியையே தன் செயலிக்குள் திருப்பிவிட்டு மாதச் சந்தா வாங்குவார். இன்னொருவர் ஆட்ட நாளன்று சமூக ஊடகத்தில் ‘நேரலை இங்கே’ என்று இணைப்புப் போட்டு, கணக்கு இலவசம்தான், அடையாளத்துக்காக மட்டும் கிரெடிட் கார்டு எண்ணைக் கொடுங்கள் என்பார். அட்டை எண்ணால் வயதும் தெரியாது, அடையாளமும் தெரியாது. அதைக் கேட்பதன் நோக்கம் ஒன்றே. மூன்றாமவர் ‘நூறு மைல் ஆண்டெனா’ விற்பார். அது தொலைக்காட்சிக்கானது, உங்கள் ஏ.எம். பெட்டிக்கு ஒரு பயனும் தராது.

செயற்கைக்கோள் வானொலியான சிரியஸ் எக்ஸ்எம் மோசடி அன்று. நெடுந்தூரம் கார் ஓட்டுபவருக்கு அது உண்மையிலேயே பயன்படும். ஆனால் மூன்று மாதச் சலுகை விலை முடிந்ததும் முழுக்கட்டணம் தானாகத் தொடங்கும். சந்தாவை ரத்து செய்ய விடாமல் வாடிக்கையாளரை இழுத்தடித்ததாக நியூயார்க் மாநில அட்டர்னி ஜெனரல் 2023 டிசம்பரில் அதன்மீது வழக்குத் தொடுத்தார். அதன் ரத்து நடைமுறை சட்டத்தை மீறியது என்று 2024 நவம்பரில் நீதிமன்றம் கூறியது. சேர்வதானால் சேரும் நாளிலேயே முடிவுத் தேதியை நாட்காட்டியில் குறித்துவிடுங்கள். புதிதாக மின்சாரக் கார் வாங்கும் எண்ணம் இருந்தால், அதில் ஏ.எம். உண்டா என்று கேட்டுவிட்டே முன்பணம் கொடுங்கள். மோட்டார் எழுப்பும் மின்காந்த இரைச்சலைக் காரணம் காட்டிப் பல நிறுவனங்கள் அதை நீக்கிவிட்டன, விற்பனையாளர் தாமாகச் சொல்லமாட்டார்.

அந்த இணையதளத்தில் ஏற்கெனவே அட்டை எண்ணைப் பதிந்திருந்தால் தளத்துக்கு மின்னஞ்சல் எழுதிக் காத்திருக்காதீர்கள். அட்டையின் பின்புறம் உள்ள எண்ணில் வங்கியை இன்றே அழைத்து, அந்தக் கட்டணத்தை மறுத்து, புதிய எண்ணுடன் வேறு அட்டை கேளுங்கள்.