துனாயெவ்ஸ்கி போட்டது வெறும் பிரச்சார இசைதானா? எதிலிருந்து கேட்கத் தொடங்கலாம்?

"ஸ்டாலின் காலத்துப் படங்களுக்கு இசை போட்டவர்தானே, பிரச்சாரத்தைத் தாண்டிக் கேட்க அவரிடம் என்ன இருக்கிறது?" என்று கேட்டிருக்கிறீர்கள். ராணுவ அணிவகுப்புக் காட்சிக்கு மேல் அவர் இசையமைத்த 'தாய்நாட்டுப் பாடல்' ஒட்டிய வீடியோ ஒன்றைப் பார்த்திருப்பீர்கள் என்று நினைக்கிறேன். அதை மட்டும் கேட்டால் யாருக்கும் இந்தச் சந்தேகம் வரும்.

சோவியத் இசையமைப்பாளர் ஐசக் துனாயெவ்ஸ்கி 1900இல் உக்ரைனின் லோக்வித்சாவில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தவர். கார்கிவில் வயலின் படித்து 1919இல் முடித்தார். பிறகு நாடக மேடை, 1924இல் மாஸ்கோ, 1929இலிருந்து லெனின்கிராட் மியூசிக் ஹால். அங்கே பாடகர் உத்யோசவின் ஜாஸ் குழுவோடு வேலை. 1934இல் 'வெஸ்யோலியே ரெப்யாத்தா' ('குதூகலப் பையன்கள்') படம் அவரை நாடெங்கும் கொண்டுபோனபோது, மேடையில் எந்த மெட்டு நிற்கும், எது விழும் என்று பழுத்த அனுபவம் அவருக்கு இருந்தது. கொட்டகையை விட்டு வெளியே வருபவன் வாயில் மெட்டு ஒட்டியிருக்க வேண்டும் என்பது ஆபரெட்டா என்ற இலகுவான இசைநாடகம் போடுபவர்களின் கணக்கு. சினிமாவுக்கும் அவர் அதே கணக்கில்தான் எழுதினார்.

முதலில் 'கேப்டன் கிராண்டின் பிள்ளைகள்' (1936) முகப்பு இசையைக் கேளுங்கள். அதில் வார்த்தையே இல்லை, ஆகவே பிரச்சாரம் என்ற பேச்சுக்கும் இடமில்லை. வயலின்கள் அலைபோல ஓட, மேலே பித்தளைக் கருவிகள் எழும்பி வரும். படத்தை மறந்தவர்கள்கூட இந்த இசையை மறக்கவில்லை.

அடுத்து 'சர்க்கஸ்' (1936). நீங்கள் ஒதுக்கும் அந்தத் தாய்நாட்டுப் பாடல் இதில்தான் வருகிறது. பல்லவியில் தொடங்கும் பாட்டு, மேஜரில் (மேற்கத்திய இசையின் பிரகாசமான சுர வரிசையில்) விரிகிறது. சரணம் எடுத்ததும் சோகச் சாயல் கொண்ட மைனருக்கு இறங்கி, மெல்ல ஏறிப் பல்லவியில் மறுபடி திறந்துகொள்கிறது. அந்த இறக்கம் இல்லாவிட்டால் பல்லவிக்கு அந்த அகலம் வந்திருக்காது. பாட்டின் முதல் சுரங்கள் பின்னால் மாஸ்கோ வானொலியின் அடையாள இசையாயின. லெபெதெவ்-குமாச்சின் வரிகள் அரசைப் புகழ்கின்றன, அதை நான் மறுக்கவில்லை. 1936 எப்படிப்பட்ட காலம் என்றும் தெரியும். மெட்டின் கட்டுமானத்தைப் பற்றித்தான் சொல்கிறேன்.

அதே படத்தின் தாலாட்டை விட்டுவிடாதீர்கள். கருப்புக் குழந்தையைப் பார்வையாளர்கள் கைமாற்றி வாங்கி, ஆளுக்கொரு மொழியில் பாடுவார்கள். இத்திஷ் (கிழக்கு ஐரோப்பிய யூதர்களின் மொழி) வரியைப் பாடுபவர் நடிகர் மிஹோயல்ஸ். 1948 ஜனவரியில் அவர் கொல்லப்பட்ட பிறகு அந்தத் துண்டைப் படத்திலிருந்து வெட்டிவிட்டார்கள். பிற்காலப் பிரதிகளில் திரும்பச் சேர்த்தார்கள். அவர் முகம் வராத பிரதி கிடைத்தால் வேறு தேடுங்கள்.

'வெஸ்யோலியே ரெப்யாத்தா'விலும் இதே தொல்லை. 1958இல் வெளியிட்ட பிரதியில் உத்யோசவின் குரலை நீக்கி வேறொரு பாடகரான த்ரோஷினைப் பாட வைத்தார்கள். 1978இல் பழைய குரல் திரும்பியது. உத்யோசவின் குரல் லேசாகக் கரகரக்கும், பேச்சும் பாட்டும் கலந்தமாதிரி வரும். பயிற்சி பெற்ற, வழவழப்பான குரல் கேட்டால் அது 1958 பிரதி.

'கூபன் கோசாக்குகள்' (1950) காட்டிய செழிப்பு பொய்தான். 1946-47 பஞ்சம் முடிந்து அதிக நாள் ஆகாத நாட்டில் எடுத்த படம். ஆனால் இசகோவ்ஸ்கி வரிகளுக்கு அவர் போட்ட இரண்டு காதல் பாட்டுகளை ரஷ்யர்கள் இன்றும் நாட்டுப்பாடல்போலப் பாடுகிறார்கள். பொய் படம் காட்டிய செழிப்பில் இருந்தது, அந்த மெட்டுகளில் இல்லை.

ஆபரெட்டாவுக்கு 'வோல்னி வேதர்' ('சுதந்திரக் காற்று', 1947). முழு ஒலிப்பதிவோடு தொடங்காதீர்கள். பாட்டுகளுக்கு நடுவே ரஷ்ய வசனம் நீளும், மொழி தெரியாதவர்கள் பாதியிலேயே விட்டுவிடுவார்கள். ஸ்டெல்லா, மார்கோ என்ற பாத்திரங்களின் பாட்டுகளை மட்டும் எடுங்கள். கடைசி ஆபரெட்டா 'பேலயா அகாத்சியா'வை ('வெள்ளை அகேசியா') துனாயெவ்ஸ்கி முடிக்கவில்லை. 1955 ஜூலை 25 அன்று மாரடைப்பில் இறந்தார், மீதியை இசையமைப்பாளர் மொல்சானவ் எழுதினார். அதில் வரும் ஒடெசா பாட்டுதான் இன்று அந்த நகரத்தின் கீதம்.

இன்னொன்று, கேள்விக்குச் சம்பந்தமில்லாவிட்டாலும் சொல்லிவிடுகிறேன். இந்தப் பாட்டுகளை இணையத்தில் ஏற்றுகிறவர்கள் 'சோவியத் பாட்டு' என்று மட்டும் போடுகிறார்கள், இசையமைத்தவர் பெயரும் இல்லை, எழுதியவர் பெயரும் இல்லை. தாய்நாட்டுப் பாடலைச் சோவியத் தேசிய கீதம் என்றே எழுதுபவர்களும் உண்டு. கீதத்துக்கு இசை தந்தவர் செம்படைப் பாடல் குழுவின் அலெக்சாந்தர் அலெக்சாந்த்ரவ், 'சர்க்கஸ்' படத்தை இயக்கியவர் கிரிகோரி அலெக்சாந்த்ரவ். இருவரும் வேறு வேறு ஆட்கள். இரண்டு நிமிடம் தேடினால் தெரிந்துவிடும் விஷயம் இது.