பேரப்பிள்ளைகள் வரும்போது மணியை என்ன செய்வது?

கேள்வி: எங்கள் மாந்தோப்பு வீட்டில் மணி என்ற 2 வயது நாட்டு நாய் இருக்கிறது. பகலில் வாசலோரம் சங்கிலியில் கட்டிவைத்து, இரவில் காவலுக்கு அவிழ்த்துவிடுவோம். எங்களிடம் உயிராக இருக்கும் மணி, வெளியாட்களைக் கண்டால் உறுமுகிறான். கோடை விடுமுறைக்கு மகள் தன் 3 வயது, 7 வயதுக் குழந்தைகளோடு வருகிறாள். காய் பறிக்கும் ஆட்களும் வியாபாரிகளும் வந்துபோகும் பருவமும் அதுதான். நாலு முறை அதட்டினால் பழகிவிடுவான் என்கிறார் என் கணவர். செய்யலாமா?
– ஒரு வாசகி, சந்தூர், கிருஷ்ணகிரி மாவட்டம்.

பதில்: அதட்ட வேண்டாம். 'இதற்கு மேல் நெருங்காதே' என்று நாய் தரும் எச்சரிக்கைதான் உறுமல். அதற்காக அடி வாங்கிய நாய் பயத்தை விடுவதில்லை, உறுமுவதை மட்டும் விட்டுவிட்டு, ஒருநாள் சொல்லாமல் கொள்ளாமல் கடித்துவிடும். சங்கிலியில் இருக்கும் நாய்க்கு விலகிப் போக வழியில்லை என்பதால், குழந்தைகள் அந்த வட்டத்துக்குள் கால் வைக்கவே கூடாது.

அவர்கள் வருவதற்குள் வெறிநோய்த் தடுப்பூசியும் குடற்புழு மருந்தும் கொடுத்துவிடுங்கள். முதல் சந்திப்பை வாசலில் வைக்காமல், காலையில் மணியைத் தோப்பில் நன்றாக நடத்திய பிறகு, மகளும் குழந்தைகளும் கட்டிலில் அமைதியாக உட்கார்ந்திருக்க, நீங்கள் கயிற்றைத் தளர்வாகப் பிடித்தபடி சற்றுத் தொலைவில் நில்லுங்கள். அவர்களைப் பார்த்தும் அவன் உறுமாமல் இருக்கும் ஒவ்வொரு முறையும் ஒரு துண்டு அவித்த கோழிக்கறி கொடுங்கள். அவனாக நெருங்கி முகர்ந்து பார்க்க இரண்டு நாளானாலும் ஆகட்டும். பிறகு பெரிய குழந்தை மட்டும், நீங்கள் பக்கத்தில் இருக்க, அவன் கழுத்தோரம் 3 விநாடி தடவிவிட்டுக் கையை எடுக்கட்டும். மணி மறுபடி ஒட்டி வந்தால்தான் அவனுக்கு விருப்பம் என்று பொருள். முகத்தைத் திருப்பினாலோ, உதட்டை நக்கினாலோ, கண்ணின் வெள்ளை பிறைபோலத் தெரிந்தாலோ, உடல் விறைத்து நின்றாலோ உடனே விலக்கிவிடுங்கள். வாலாட்டுகிறானே என்று நம்பிவிடக் கூடாது. உயர்ந்து விறைத்த வால் நட்பைக் காட்டுவதன்று.

சின்னக் குழந்தையின் முகம் நாயின் வாய்க்கு நேராக இருப்பதால், இருவரையும் ஒரு நொடிகூடத் தனியாக விடாதீர்கள். என் தம்பி மகனின் கன்னத்தில் இன்றும் ஒரு தழும்பு உண்டு: பெரியவர்கள் பக்கத்து அறையில் காபி குடித்துக்கொண்டிருந்தபோது, நாயின் சோற்றுத் தட்டருகே அவன் குனிந்தான், கடித்தது எங்கள் வீட்டு நாய்தான்.

தோப்புக்கு வரும் ஆட்களிடம் மணி பழக வேண்டிய அவசியமே இல்லை. அந்த நேரங்களில் வீட்டின் பின்புறம் வேலியடைத்த நிழலில் தண்ணீரோடு விட்டால் போதும்.

இத்தனைக்கும் பிறகு பல்லோ நகமோ பட்டுவிட்டால், மஞ்சளோ சுண்ணாம்போ வைக்காமல், ஓடும் தண்ணீரில் சோப்புப் போட்டு 15 நிமிடம் கழுவி, அன்றே அரசு மருத்துவமனைக்கு அழைத்துச் செல்லுங்கள். மணிக்குத் தடுப்பூசி போட்டிருக்கிறோமே என்று எண்ணித் தாமதிக்காதீர்கள்.