கையெழுத்துக்கு விலை தோட்டமா?

கேள்வி: காங்கேயம் பக்கம் எங்கள் ஊர். அரசு அலுவலகத்தில் வேலை பார்த்த அப்பா, பணியில் இருக்கும்போதே இறந்து இரண்டு வருடம் நாலு மாதம் ஆகிறது. எனக்கு வயது 26, பி.காம்., கல்யாணம் ஆகவில்லை. அண்ணன் குடும்பத்தோடு திருப்பூரில் பனியன் கம்பெனி வேலையில் இருக்கிறான். அப்பா பெயரில் உள்ள மூன்று ஏக்கர் தோட்டத்தில் என் பங்கை விட்டுக்கொடுத்து விடுதலைப் பத்திரம் எழுதினால்தான், பணியில் இறந்தவர் குடும்பத்தில் ஒருவருக்குத் தரும் கருணை வேலை எனக்குக் கிடைக்க ஆட்சேபணை இல்லை என்று கையெழுத்துப் போடுவானாம். கடைசி வரை அப்பாவைப் பார்த்துக்கொண்டது நானும் அம்மாவும்தான். அவன் மேல் கேஸ் போடலாமா?

பதில்: அப்பாவை யார் பார்த்துக்கொண்டது என்று தாசில்தார் கேட்கப் போவதில்லை. நீளமான கடிதத்தில் நான் தேடியது ஒன்றுதான்: மனு கொடுத்தாகிவிட்டதா? அதைக் காணோம். இறந்த தேதியிலிருந்து மூன்று வருடத்துக்குள் மனு போய்ச் சேர வேண்டும். உங்களுக்கு மிச்சம் எட்டு மாதம். அண்ணன் கையெழுத்து இல்லாவிட்டாலும் இந்த வாரமே அப்பாவின் அலுவலகத்துக்குப் பதிவுத் தபாலில், ஒப்புகை அட்டையோடு அனுப்புங்கள். அண்ணனுடைய ஆட்சேபணை இல்லாச் சான்று பின்னால் வரும் என்று மனுவிலேயே எழுதுங்கள். திருப்பி அனுப்பினால் அந்தக் கடிதத்தை வைத்துக்கொண்டு, கெடுவுக்குள் மறுபடி போடுங்கள். காகிதக் குறையைச் சரிசெய்யலாம், கெடு போனால் போனதுதான்.

இனி விடுதலைப் பத்திரம். நம் பக்கத்துப் பெண்கள் வழக்கமாக விழும் குழி இது. குடும்பத்துக்குள் என்பதால் முத்திரைத் தீர்வை அதிகபட்சம் 40,000, பதிவுக் கட்டணம் 10,000. காலையில் போய் மத்தியானம் முடித்துவிடலாம். அப்பா உயில் எழுதாமல், சொத்தும் அவர் சுயமாக வாங்கியது என்றால் அம்மா, அண்ணன், நீங்கள் ஆளுக்கு மூன்றில் ஒரு பங்கு. அதை இன்றைக்கே கொடுத்துவிட்டு, வேலைக்குக் காலியிடம் வரும் வரை காத்திருப்பீர்கள். காத்திருப்பு மூன்று வருடத்தைத் தாண்டுவது சாதாரணம். பத்திரத்தை ரத்து செய்ய வழக்குப் போடும் காலமும் மூன்று வருடம்தான். வேலை இல்லை என்ற கடிதம் வரும்போது தோட்டமும் கை விட்டுப் போயிருக்கும். 'வேலைக்குப் பதிலாக' என்று பத்திரத்தில் எழுதிக்கொள்ளலாமே என்று சிலர் யோசனை சொல்வார்கள். அரசு வேலையை விலை பேசிய ஒப்பந்தத்தைக் கோர்ட் ஏற்காது. அந்த வரியே உங்கள் மனுவுக்கும் எமனாகும்.

கேஸ் போட்டால்? பாகப்பிரிவினை வழக்கின் பிராதில், அதாவது வழக்கு மனுவில், தோட்டத்தின் சந்தை மதிப்பை நீங்களே சத்தியம் செய்து சொல்ல வேண்டும். வாய்க்கால் பாசனம் என்றால் தொகை சின்னதாக இருக்காது. ஒரு கையில் கருணை வேலைக்காக வாங்கும் வறுமைச் சான்று, மறு கையில் அந்தப் பிராது; இரண்டும் முரண்படும். கருணை நியமனம் வாரிசு உரிமை அல்ல, திடீர் நெருக்கடியைத் தாண்ட உதவி மட்டுமே என்று 1994இல் உமேஷ்குமார் நாக்பால் வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. அதற்காக நிலத்தை மறைக்கவும் வேண்டாம். வேலை கிடைத்த பிறகு தெரிந்தால் ஆணையே ரத்தாகும்.

இன்னொன்று, அண்ணன் உங்களுக்குத் தேவை. அவர் சம்பாதிக்கிறார் என்ற ஒரே காரணத்தால் மனு அடிபடலாம். தனிக் குடித்தனம், வீட்டுக்குப் பணம் தருவதில்லை என்று வி.ஏ.ஓ.விடம் வாக்குமூலம் தர வேண்டியவர் அவர்தான். அப்பா இறப்பதற்கு முன் தேதியிட்ட திருப்பூர் முகவரி ஆதாரம் வேண்டும்: சமையல் எரிவாயு புத்தகம், வாக்காளர் அட்டை, பி.எஃப். பதிவு. இப்போது ரேஷன் கார்டைப் பிரித்தால் சந்தேகம்தான் வரும். தாய் இறந்த பிறகு, கருணை வேலைக்காக மகள் வாங்கிய விவாகரத்தை உச்ச நீதிமன்றம் 2021இல், கர்நாடக வழக்கொன்றில், ஏற்கவில்லை.

ஆகவே சமாதானமாகப் போங்கள். வேலையைப் பற்றி ஒரு வார்த்தை இல்லாமல், அம்மாவையும் சேர்த்துப் பாகப்பிரிவினைப் பத்திரம் பதிவு செய்யுங்கள். அண்ணனுக்குப் பத்து, பதினைந்து சென்ட் கூடப் போனால் போகட்டும். கிணற்றுப் பக்கம்தான் வேண்டும் என்றால் அதையும் கொடுங்கள். உங்கள் பங்குக்குத் தண்ணீர் முறையையும் வண்டித் தடத்தையும் மட்டும் பத்திரத்தில் எழுதாமல் விடாதீர்கள்.