விமானமும் மலைமுகடும் – கடிதம்

அன்புள்ள ஐயா,

இருபத்தாறு வயதாகும் என் மகன் ஓராண்டாக ஸ்கைடைவிங், அதாவது விமானத்திலிருந்து பாராசூட்டுடன் குதிப்பது, பயில்கிறான்; இதுவரை நாற்பது முறை குதித்திருக்கிறான். இப்போது விங்சூட் என்னும் இறக்கை வைத்த உடை அணிந்து மலைமுகட்டிலிருந்து பாய்பவர்களின் காணொளிகளை ஓயாமல் பார்க்கிறான். அடுத்த ஆண்டு தானும் அப்படிப் பாயப்போவதாகச் சொல்கிறான். நான் அஞ்சினால், லட்சக்கணக்கான குதிப்புகளில் ஒன்றில்தான் மரணம் நேர்கிறது என்று கணக்குக் காட்டுகிறான். அது சரிதானா? நான் அவனைத் தடுக்க வேண்டுமா?

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் மகன் காட்டும் கணக்கு சரியானதே. ஆனால் அது அவர் இப்போது பயிலும் விளையாட்டின் கணக்கு. அவர் செய்ய விரும்புவதன் கணக்கு அன்று. அமெரிக்கப் பாராசூட் சங்கத்தின் பதிவின்படி, 2023இல் அந்நாட்டில் ஏறத்தாழ 36.5 லட்சம் குதிப்புகளில் 10 பேர் இறந்தனர். மூன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட குதிப்புகளுக்கு ஓர் உயிர். நார்வேயின் ஷெராக் மலையில் 1995 முதல் 2005 வரை நடந்த 20,850 பேஸ் குதிப்புகளை, அதாவது விமானத்திலிருந்து அன்றி மலைமுகடு போன்ற நிலையான இடங்களிலிருந்து பாய்வதை, ஆராய்ந்தவர்கள் 9 மரணங்களைக் கண்டார்கள். அங்கே 2,317 குதிப்புகளுக்கு ஓர் உயிர். இருபத்துநான்கு பேர் தலா நூறு முறை அங்கே குதித்தால், சராசரியாக அவர்களில் ஒருவர் வீடு திரும்பமாட்டார் என்பதே இதன் பொருள்.

இத்தனை பெரிய வேறுபாடு துணிவாலோ திறமையாலோ வருவதன்று, உயரத்தால் வருவது. ஏறத்தாழ 4,000 மீட்டரில் விமானத்தைவிட்டு வெளியேறுபவருக்கு முதன்மைப் பாராசூட் சிக்கிக்கொண்டால் அதைக் கழற்றி எறிந்துவிட்டு இரண்டாவதை விரிக்க நேரம் இருக்கிறது. அவர் மயங்கிவிட்டாலும், குறிப்பிட்ட உயரத்தில் அதைத் தானாகத் திறந்துவிடும் கருவி முதுகில் இருக்கிறது. மலைமுகட்டிலிருந்து பாய்பவரிடம் பெரும்பாலும் ஒரே ஒரு பாராசூட்தான் உண்டு. அது விரியும்போது சற்றே திரும்பி, பாறைச் சுவரை நோக்கி விரிந்துவிட்டால், திருத்திக்கொள்ள அவருக்குக் கிடைப்பவை சில நொடிகள். பல வேளைகளில் அவையும் இல்லை.

இந்த விளையாட்டுக்கு ‘பேஸ்’ என்ற பெயரைத் தந்தவர்களில் முதன்மையானவரான கார்ல் போனிஷ் 1984இல் நார்வேயின் ட்ரோல்வெகன் பாறைச் சுவரிலிருந்து குதித்தபோது இறந்தார். அமெரிக்கப் பாறையேறியும் பேஸ் குதிப்பாளருமான டீன் பாட்டர் 2015இல் அந்நாட்டின் யோசெமிட்டிப் பூங்காவில் விங்சூட்டில் பறக்கையில் இறந்தார். இவர்கள் கற்றுக்குட்டிகள் அல்லர். நெடுங்காலம் தப்பிவந்தவர்கள் என்பதாலேயே எனக்கு ஒரு ஐயம் உண்டு: ஒவ்வொரு முறையும் உயிருடன் இறங்கும்போது, அன்று காற்று உதவியதா கணிப்பு உதவியதா என்று மனம் பிரித்துப் பார்ப்பதில்லை. மயிரிழையில் தப்பியதும் திறமையின் கணக்கிலேயே சேர்ந்துவிடுகிறது; அடுத்த முறை பாறைக்கு இன்னும் நெருக்கமாகப் பறக்கத் தோன்றுகிறது.

தலைக்கவசக் கேமராவும் சமூக ஊடகமும் இந்தப் பழக்கத்தைப் பார்வையாளருக்கும் தொற்றவைத்துவிட்டன. அமெரிக்கப் பாறையேறி அலெக்ஸ் ஹொனால்ட் 2017 ஜூன் 3 அன்று அதே யோசெமிட்டியில் சுமார் 900 மீட்டர் உயரமுள்ள எல் கேப்பிட்டன் பாறையில் கயிறின்றி நான்கு மணி நேரத்துக்குள் ஏறியதை உலகமே வியந்தது. அதே பாதையில் அவர் கயிற்றுடன் மீண்டும் மீண்டும் ஏறிப் பிடிகளை மனப்பாடம் செய்ததும், 2016இல் கயிறின்றி ஏறத் தொடங்கி, மனம் ஒப்பாமல் முயற்சியைக் கைவிட்டதும் ஒரு நிமிடத் துணுக்கில் இடம்பெறுவதில்லை. அந்தக் கைவிடலையே நான் அவருடைய பெரிய திறமையாக மதிக்கிறேன்.

வளர்ந்த மகனைத் தடுத்தால் அவர் உங்களிடம் சொல்லாமல் குதிப்பார். எனக்கு அதுதான் கூடுதல் அச்சம் தருகிறது. வான்வெளியில் விழும்போது தம் உடலைத் தாமே ஆளும் அனுபவத்தை அவர் விரும்புவதில் குற்றமும் இல்லை. எனவே எதற்குப் பின் எது என்ற பயிற்சி வரிசையைப் பற்றிப் பேசுங்கள். விமானத்திலிருந்து விங்சூட்டில் முதன்முதலாகப் பறப்பதற்கே 200 குதிப்புகளை அந்த அமெரிக்கச் சங்கம் கட்டாயமாக்கியிருக்கிறது. நாற்பதிலிருந்து மலைமுகட்டுக்கு ஓராண்டில் வழியில்லை. கேமராவை இப்போதைக்கு வீட்டில் வைக்கச் சொல்லுங்கள். அப்படியே, இந்த ஓராண்டில் காற்று சரியில்லை என்று குதிக்காமல் விமானத்திலேயே திரும்பி இறங்கிய நாள் ஏதேனும் உண்டா என்றும் கேளுங்கள். உண்டு என்றால், அன்று என்ன நினைத்தார் என்பதை அவர் சொல்லி முடிக்கும்வரை குறுக்கிடாமல் கேளுங்கள்.

அன்புடன்