வாசகர் கேள்வி: ‘வனமோகினி’ தவமணி தேவி

தாத்தாவின் டிரங்குப் பெட்டியில் ‘வனமோகினி’ பாட்டுப் புத்தகம் இருந்தது. ஆண்டு எதுவும் அச்சாகவில்லை. நாயகி தவமணி தேவி யார்? புத்தகத்தை எப்படிப் பாதுகாப்பது?
– வாசகி, சேலம்

படம் வெளிவந்தது 1941-இல். இயக்கியவர் பகவான், எம்.கே. ராதா நாயகன், இசை, பின்னாளில் இந்தியில் கொடிகட்டிப் பறந்த சி. ராமச்சந்திரா. அவர் இசையமைத்த முதல் படங்களில் இதுவும் ஒன்று என்பது பலருக்கும் தெரியாது. காட்டுப் பெண்ணும் யானையும் வரும் கதை. ஹாலிவுட் நடிகை டோரதி லாமூர் பாணியில் தவமணி தேவி சரோங் (உடலைச் சுற்றிக் கட்டும் துணி) கட்டித் தோன்றியதுதான் அன்றைக்குப் பெரும் பேச்சாக இருந்தது.

கே. தவமணி தேவி யாழ்ப்பாணத்துக்காரர். முறையாகப் பாட்டும் நடனமும் கற்றவர். அவருடைய முதல் படம் உங்கள் ஊரில்தான் உருவானது: 1937-இல் டி.ஆர். சுந்தரம் எடுத்த ‘சதி அகல்யா’, மாடர்ன் தியேட்டர்ஸின் முதல் தயாரிப்பு. அகல்யையாக நடித்தவர், அதே காலத்தில் நீச்சல் உடையில் எடுத்த விளம்பரப் படங்களால் ஊரெல்லாம் பேசப்பட்டார். அந்தப் பேச்சே அவர்மேல் நிரந்தரமாக ஒட்டிக்கொண்டது. இன்றும் அவரைப் பற்றி எழுதுகிறவர்கள் உடையைப் பற்றி நாலு பத்தி, பாட்டைப் பற்றி அரை வரி என்றே எழுதுகிறார்கள். சொந்தக் குரலில் பாடி நடித்த தலைமுறையைச் சேர்ந்த ஒருவருக்கு இது பெரிய அநீதி.

உங்கள் புத்தகம் அந்த அநீதிக்கு ஒரு மாற்று மருந்து. பாட்டுப் புத்தகங்களில் பாட்டின் தலைப்பிலேயே ராகம், தாளம், பாடும் பாத்திரம் ஆகியவற்றைப் போடும் வழக்கம் இருந்தது. நாயகி பாடியவற்றை மட்டும் தனியே குறித்தெடுங்கள்; அவரை நம்பி எத்தனை பாட்டு, என்ன ராகங்களில் கொடுத்தார்கள் என்பது தெரிந்துவிடும்.

ஆண்டு இல்லாத புத்தகங்களில் விலையைப் பாருங்கள். அணாவில் இருந்தால் பெரும்பாலும் 1957-க்கு முந்தியது. நயா பைசா என்றிருந்தால் மறுவெளியீட்டுக்காக அடித்த பிரதி.

துருப்பிடித்த ஸ்டேப்பிள் பின்னைப் பிடித்து இழுக்காதீர்கள், தாள் கிழியும். நடுப்பக்கத்தைத் திறந்து, மெல்லிய தகட்டால் பின்னின் இரு கால்களையும் நிமிர்த்தி, பிறகு வெளிப்பக்கத்திலிருந்து தூக்குங்கள். செல்லோ டேப் வேண்டாம். அதன் பசை சில ஆண்டுகளில் பழுப்பேறி எழுத்தையும் கெடுக்கும். லேமினேஷன் அதைவிட மோசம், பிரிக்கவே முடியாது. 600 டிபிஐ-இல் (அங்குலத்துக்கு 600 புள்ளி), விளம்பரப் பக்கம் உட்பட எல்லாவற்றையும் ஸ்கேன் செய்யுங்கள். தியேட்டர் பெயரும் வெளியீட்டு விவரமும் அந்த விளம்பரங்களில்தான் அகப்படும்.

எம்.ஜி.ஆரின் முதல் நாயகி இவர்தானே?
– வாசகர், கும்பகோணம்

இல்லை. எம்.ஜி.ஆர் நாயகனாக உயர்ந்த ‘ராஜகுமாரி’யில் (1947) நாயகி கே. மாலதி. தவமணி தேவி ஏற்றது நாயகனை மயக்கப் பார்க்கும் வில்லி வேடம். உடையின் கழுத்து இறக்கம் குறித்து இயக்குநர் ஏ.எஸ்.ஏ. சாமிக்கும் அவருக்கும் இழுபறி நடந்தது இந்தப் படத்தில்தான்.

1937-இல் நாயகி, 1947-இல் வில்லி. இடையில் என்ன நடந்தது?
– வாசகர், மதுரை

இரண்டாம் உலக யுத்தம் நடந்தது. அதுவே முழுக் காரணம் என்று சொல்ல மாட்டோம். ஆனால் அதை விட்டுவிட்டு அந்தக் கால நடிகைகள் யாருடைய கணக்கையும் போட முடியாது.

அப்போது இந்தியாவில் கச்சா ஃபிலிம் (படம் பதியாத வெற்றுச் சுருள்) தயாரிப்பு கிடையாது. ஊட்டி ஹிந்துஸ்தான் போட்டோ ஃபிலிம்ஸில் உற்பத்தி தொடங்கியதே 1967-இல். எல்லாம் கப்பலில் வரவேண்டும். யுத்தத்தில் கப்பலில் இடமில்லை. 1942-இல் அரசு ஒரு படம் 11,000 அடிக்கு மேல் போகக்கூடாது என்று உத்தரவிட்டது. 35 எம்.எம். ஃபிலிம் நிமிடத்துக்கு 90 அடி ஓடும். ஆக, ஏறத்தாழ 122 நிமிடம். அதற்கு முன் 18,000 அடி, அதாவது 200 நிமிடம் ஓடும் படங்கள் சாதாரணம்.

இந்த 7,000 அடியை எங்கே வெட்டுவது? கதையை வெட்ட முடியாது. பாட்டை வெட்டினார்கள், நடனத்தை வெட்டினார்கள், நகைச்சுவைத் துண்டுகளை வெட்டினார்கள். முதல் வரிசை நட்சத்திரத்தின் பாட்டு மட்டும் தப்பியது. பாட்டும் ஆட்டமும்தான் கைமுதல் என்றிருந்த நடிகைகளுக்கு இது எத்தனை பெரிய அடி என்று யோசியுங்கள். போதாக்குறைக்கு 1942 ஏப்ரலில் கொழும்பிலும் விசாகப்பட்டினத்திலும் ஜப்பான் விமானங்கள் குண்டு போட, சென்னையே காலியானது. ஆண்டுக்கு 30-க்கு மேல் வந்துகொண்டிருந்த தமிழ்ப் படங்கள் 1943-இல் 15-க்கும் கீழே போயின. கையில் இருக்கும் கொஞ்ச ஃபிலிமை வைத்துக்கொண்டு எந்த முதலாளியும் பரீட்சை பார்க்கத் துணியவில்லை. நிச்சயமாக ஓடக்கூடிய முகங்களையே போட்டார்கள். ‘ஹரிதாஸ்’ (1944) டி.ஆர். ராஜகுமாரியை உச்சத்துக்குக் கொண்டுபோன காலம் இது.

ஒரு காரியம் செய்து பாருங்கள். நடிகைகளின் படப் பட்டியலில் 1942 முதல் 1945 வரை தனியே கோடு போட்டுவிட்டுப் படியுங்கள். அந்த இடைவெளியைக் கவனிக்காமல் ‘மார்க்கெட் போய்விட்டது’ என்று எழுதுவதுதான் வழக்கமான பிழை.

அக்கால நடிகைகள் பாடிய பழைய இசைத்தட்டுகள் சில உள்ளன. இப்போதைய பிளேயரில் போடலாமா?
– வாசகி, காரைக்குடி

பிளேயரில் 78 வேகம் (நிமிடத்துக்கு 78 சுற்று) இருந்தால் மட்டும். ஊசியும் மாற வேண்டும்: பின்னாளைய எல்.பி. தட்டுக்கான ஊசி ஒரு மில்லுக்கும் (மில் என்பது அங்குலத்தில் ஆயிரத்தில் ஒரு பங்கு) குறைவான கூர்மை, 78 தட்டின் பள்ளத்துக்கு 3 மில் ஊசி வேண்டும். மெல்லிய ஊசி பள்ளத்தின் அடியில் உள்ள தூசியை உழுதுகொண்டு போகும், இரைச்சல்தான் கேட்கும். கீ கொடுக்கும் கிராமபோனாக இருந்தால் இரும்பு ஊசியை ஒரு பக்கத்துக்கு ஒன்றாக மாற்றுங்கள்.

ஸ்பிரிட், சானிடைசர் எதையும் தட்டில் தொடவிடாதீர்கள். தட்டு அரக்கால் ஆனது, ஆல்கஹாலில் கரைந்துவிடும். காய்ச்சி வடித்த நீரில் ஒரு சொட்டு பாத்திர சோப்புத் திரவம், மெல்லிய துணி, பள்ளத்தின் போக்கிலேயே துடைத்தல், பிறகு வெறும் நீரால் ஒருமுறை. லேபிள் நனையக்கூடாது. அடுக்கி வைக்காமல் நிற்க வையுங்கள்.

இன்னொன்று: 10 அங்குலத் தட்டின் ஒரு பக்கம் மூன்றேகால் நிமிடம்தான். அதற்காகப் பாட்டைச் சுருக்கித் தனியே பாடிப் பதிந்ததும் உண்டு. தட்டில் இல்லாத சரணம் பாட்டுப் புத்தகத்தில் இருந்தால் குழம்ப வேண்டாம்.

தவமணி தேவியின் கடைசிக் காலம்? பழைய படச்சுருள் யாரிடமாவது இருந்தால் என்ன செய்வது?
– வாசகர், ராமநாதபுரம்

திரையை விட்டு விலகி, மணம் செய்துகொண்டு, ராமேசுவரத்தில் வாழ்ந்தார். 2001-இல் காலமானார்.

1950-க்கு முந்தைய 35 எம்.எம். சுருள் பெரும்பாலும் நைட்ரேட், எளிதில் தீப்பிடிக்கும் வகை. வெள்ளிக்காக உருக்கப்பட்டவை போக எஞ்சியவை தாமாகவே அழிந்துகொண்டிருக்கின்றன: முதலில் படம் மங்கும், பிறகு பிசுபிசுக்கும், குமிழி விடும், கடைசியில் பழுப்புத் தூள். தீப்பிடித்தால் தண்ணீராலும் அணையாது. புரொஜெக்டரில் ஓட்டிப் பார்க்காதீர்கள், பீரோவில் பூட்டாதீர்கள், பார்சலிலும் அனுப்பாதீர்கள். டப்பாவின் மேலுள்ள எழுத்தைப் படமெடுத்து, புனே தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்கு முதலில் கடிதம் எழுதுங்கள். எடுத்துச் செல்லும் முறையை அவர்கள் சொல்வார்கள்.